ஜப்பானில் அனிமே எனும் அனிமேஷன் தொடர்களுக்கும் வீடியோ கேமுக்கும் குரல் நடிகைகள் எப்படி வேலை செய்கிறார்கள்? இனிமையான குரல் இருந்தால் போதுமா?

போதாது. மெகுமி ஹயாஷிபாராவையே எடுத்துக்கொள்ளுங்கள். நர்சிங் படித்துக்கொண்டே குரல் நடிப்புப் பயிற்சிக்கும் போய், 1986-இல் சின்னச் சின்ன வேடங்களில் தொடங்கியவர். 1995 ஏப்ரலில் ஸ்லேயர்ஸ் அனிமே தொடரின் லீனா என்ற பாத்திரத்துக்குக் குரல் கொடுத்தார். அதே ஆண்டு அக்டோபரில் எவாஞ்சலியன் தொடரின் ரெய். ஒருத்தி ஓயாமல் கத்துபவள், இன்னொருத்தி கேட்டதற்கு மட்டும் பதில் சொல்பவள். ரெய்க்காக அவர் குரலை மாற்றியது கொஞ்சம்தான்; பேச்சின் ஏற்ற இறக்கத்தை உருவி எடுத்ததுதான் பெரிய வேலை.

அனிமே பதிவு கூட்டு வேலை. ஸ்டுடியோவில் மூன்று நான்கு மைக்தான் இருக்கும். எல்லோரும் மாறி மாறி அவற்றின் முன் வந்து பேசிவிட்டு விலக வேண்டும். ஒத்திகை, இயக்குநரின் திருத்தம், பிறகு பதிவு என்று அரைமணி நேர எபிசோடை மூன்று நான்கு மணி நேரத்தில் முடிப்பார்கள். படம் பெரும்பாலும் அப்போது தயாராகியிருக்காது. திரையில் வெறும் கோட்டோவியம் ஓடும். பாத்திரத்தின் பெயர் தோன்றி மறையும் நேரம்தான் பேசவேண்டிய நேரம். புதியவர்கள் இங்கேதான் தடுமாறுவார்கள். ஸ்கிரிப்டைப் படிக்கத் தலையைக் குனிந்தால் குரல் மைக்கை விட்டு விலகி மங்கிவிடும். அதனால் அதை முக உயரத்துக்குத் தூக்கிப் பிடித்து, கண்ணை மட்டும் திரைக்கும் தாளுக்கும் நகர்த்தப் பழக வேண்டும். தாள் புரட்டும் சத்தம் பக்கத்து மைக்கில் விழுந்தால் சக நடிகரின் வசனமும் வீண். சரசரக்கும் துணி, வளையல் எல்லாம் வேண்டாம். வெறும் வயிற்றோடும் போகக்கூடாது, வயிற்றின் இரைச்சலும் பதிவாகும்.

கேம் நேர்மாறு. பெரும்பாலும் தனியாக நிற்க வேண்டும். படமும் இருக்காது, எதிரே பேச ஆளும் இருக்காது. கையில் இருப்பது எக்செல் அட்டவணையில் வரிசை எண் போட்ட வசனங்கள். கேட்பவர் எத்தனை அடி தூரத்தில் நிற்கிறார் என்பதை முதலிலேயே கேட்டுத் தெரிந்துகொள்ள வேண்டும். இல்லையென்றால் போர்க்களத்தில் சொல்லவேண்டியதை அறைக்குள் பேசுவதுபோல் சொல்லிவிடுவோம். அடிக்கும்போதும் அடிபடும்போதும் எழும் ஒலிகளைச் சிறிது, நடுத்தரம், பெரிது என்று தனித்தனியாகக் கேட்பார்கள். அவற்றைக் கடைசியில் வைத்துக்கொள்வதே நல்லது. முதலிலேயே கத்தினால் மீதி வசனங்களுக்குத் தொண்டை இருக்காது.

சம்பளம்தான் கசப்பான பகுதி. ஜப்பான் நடிகர் சங்கத்தின் தரவரிசைப்படி அரைமணி எபிசோடுக்குப் புதியவருக்கு 15,000 யென். ஒரு வரி பேசினாலும் நூறு வரி பேசினாலும் அதேதான். ஏஜென்சியின் பங்கும் அதில்தான் கழியும். தரம் உயர்ந்தால் தொகையும் உயரும், ஆனால் பட்ஜெட் குறைந்த தொடர்கள் புதியவர்களையே தேடும். இந்த நடுக்கட்டத்தில்தான் பலர் காணாமல் போகிறார்கள். தாக்குப்பிடிப்பவர்களுக்குக் கேம், வானொலி, பாட்டு என்று வேறு வழிகளும் வேண்டும். ஹயாஷிபாரா நிறையப் பாடினார். 1992-இல் தொடங்கிய வானொலி நிகழ்ச்சியைப் பல பத்தாண்டுகள் நடத்தினார். 1989-இல் ரன்மா ½ தொடரில், பெண்ணாக மாறும் பையன் ரன்மாவின் பெண் வடிவத்துக்குப் பேசினார்; அதே பாத்திரத்துக்கு 2024-இன் புதிய தொடரிலும் அவரே குரல் கொடுத்தார்.