ஒலியால் குறியீடுகளை மாற்றும் மந்திரத்தைக் கதையில் நம்பும்படி எழுதுவது எப்படி?

நீங்கள் கேட்டது இதுதான்: உங்கள் கதையில் ஒரு கூட்டத்தார் வாயால் ஓசை எழுப்பியே எழுதி வைத்த குறிகளை மாற்றிவிடுகிறார்கள். படித்துப் பார்த்த நண்பர்களோ, "நினைத்ததெல்லாம் நடக்கிறதே, இதில் என்ன சுவாரசியம்?" என்கிறார்கள்.

நண்பர்கள் சொல்வது நியாயம்தான். நானும் இதே மாதிரி ஒரு கதையை வெகுநாளாக எழுதிக்கொண்டிருக்கிறேன். எனக்குக் கைகொடுத்தது, எது மந்திரவாதியின் கையில் இல்லை என்பதை முதலில் தீர்மானித்ததுதான்.

அதற்கு வழி காட்டியவர் எர்ன்ஸ்ட் கிளாட்னி என்ற ஜெர்மானியர். உலோகத் தட்டின் மேல் மணலைத் தூவி, அதன் விளிம்பை வயலின் வில்லால் இழுத்தார். மணல் தானாக ஓடி, நேர்த்தியான கோலமாக நின்றது. 1787-இல் இதைப் புத்தகமாகவே வெளியிட்டார். தட்டு அதிரும்போது சில கோடுகள் மட்டும் அசையாமல் இருக்கும். துள்ளுகிற மணல் கடைசியில் அங்கேதான் போய் ஒதுங்கும். சுருதி ஏற ஏறக் கோலமும் சிக்கலாகும். எல்லாச் சுருதிக்கும் தட்டு மசியாது. சிலவற்றுக்குத்தான் பதில் சொல்லும். கதைக்காரனுக்கு இதில் பெரிய லாபம் ஒன்று உண்டு. கோலத்தை ஓசை மட்டும் முடிவு செய்வதில்லை. தட்டு சதுரமா வட்டமா, எவ்வளவு தடிமன், எந்த இடத்தில் விரலை வைத்து அழுத்துகிறோம் என்பதைப் பொறுத்து எல்லாம் மாறும். ('ஓம்' என்று சொன்னால் மணலில் ஸ்ரீசக்கரம் தானாக விழும் என்று வாட்ஸப்பில் சுற்றும் செய்தியை இதனால்தான் நான் நம்புவதில்லை. வேறு தட்டை வைத்தால் வேறு கோலம், அவ்வளவுதான்.)

இதை அப்படியே மந்திரத்துக்கு எடுத்துக்கொண்டேன். என் கதையில் இந்தக் கலைக்குத் 'திரிபு' என்று பெயர். ஒரு குறியை மாற்ற வேண்டுமென்றால் அது எதன் மேல் எழுதப்பட்டிருக்கிறது என்று முதலில் தெரிய வேண்டும். ஓலைக்குப் பாடுவது செம்புக்குப் பலிக்காது. கல்வெட்டை மாற்ற ஒரு ஊரே சேர்ந்து பாட வேண்டும். அரசர்கள் நிலம் கொடுத்ததைச் செம்புத் தகடுகளில் வெட்டி வைத்த செப்பேடுகள்தான் எனக்கு மிகவும் பிடித்தவை. சோழர்களின் திருவாலங்காட்டுச் செப்பேட்டில் 31 ஏடுகள். எல்லாவற்றையும் ஒரே வளையத்தில் கோத்து அரச முத்திரை வைத்திருப்பார்கள். நிஜத்தில் அது ஏடுகளைச் செருகவோ உருவவோ முடியாமல் இருப்பதற்காக. என் கதையில் அந்த வளையத்துக்கு இன்னொரு வேலையும் உண்டு: ஏடுகளை அதிரவிடாமல் பிடித்துக்கொள்ளும். அதனால் நில எல்லையைத் திருட வருகிறவன் பாட ஆரம்பிப்பதற்கு முன்னால் வளையத்தை அறுக்க வேண்டும். அந்தச் சத்தத்தில் காவலாளி விழித்துக்கொள்வான். மந்திரத்துக்கு விதி ஒன்று வைத்தவுடனே காட்சி தானாக வந்து உட்கார்ந்தது பாருங்கள்.

அடுத்தது, குறி எப்படியெல்லாம் மாறலாம்? இதற்கு வெளிநாட்டுக் கதைகளைப் புரட்ட வேண்டியதே இல்லை. பள்ளியில் நாம் கொட்டாவி விட்டபடி படித்த புணர்ச்சி விதிகள் போதும். இரண்டு சொற்கள் ஓசையால் ஒட்டும்போது எழுத்துக்கு நேரும் மாற்றத்தை நன்னூல் மூன்றாகப் பிரிக்கிறது: தோன்றல், திரிதல், கெடுதல். பூவும் கொடியும் சேர்ந்து பூங்கொடி ஆகும்போது ஓர் எழுத்து புதிதாகத் தோன்றுகிறது. பொன்னும் குடமும் சேர்ந்தால் ன் என்பது ற் ஆகிறது. மரமும் வேரும் சேர்ந்தால் ம் காணாமல் போகிறது. இதை இலக்கணம் என்று நினைக்காமல் படித்தால் சுத்தமான மந்திர சாத்திரம். என் கதையில் மாணவர்களும் இந்த வரிசையில்தான் மூன்று படிகளாகக் கற்கிறார்கள். கெடுதல் கடைசிப் படி, ஏனென்றால் அழிந்த எழுத்தைத் திரும்பக் கொண்டுவர முடியாது.

ஒற்றை எழுத்து என்ன செய்யும் என்று யாராவது கேட்டால் "வேலை கொடு", "வேலைக் கொடு" இரண்டையும் காட்டுங்கள். முதலாவது பிழைப்புக்கு வழி, இரண்டாவது கையில் வேல். பஞ்சத்தில் வந்து நிற்பவனுக்கு அரசன் எழுதிக் கொடுத்த ஓலையில் யாரோ ஒரு 'க்' தோன்றும்படி பாடிவிட்டார்கள். ஆளைப் போர்முனைக்கு அனுப்பிவிட்டார்கள். அந்த ஒரு அத்தியாயத்தை எழுதும்போது எனக்கே சிரிப்பு வந்தது. அப்புறம் ஒரு விஷயம், கதை எந்தக் காலத்தில் நடக்கிறது என்று பார்த்துக்கொள்ளுங்கள். பழைய ஓலைகளில் பெரும்பாலும் புள்ளி வைக்க மாட்டார்கள். ஒகரம் குறிலா நெடிலா என்று அன்று பிரித்துக் காட்டியதும் புள்ளிதான், அதனால் 'கொடு', 'கோடு' இரண்டுக்கும் ஒரே வடிவம்தான். அந்த உலகத்தில் உரக்கப் படிக்கிறவனே பாதி மந்திரவாதி.

யார் மந்திரம் செய்வது, யாருக்கு அது புரியும் என்பதையும் பிரித்து வைக்கலாம். கிளாட்னி பாரிசில் நெப்போலியன் முன்னால் செய்து காட்டினார்; கோலம் ஏன் வருகிறது என்று கணிதத்தில் சொல்ல அன்று ஆளில்லை. அதற்கென்று அறிவித்த பரிசை 1816-இல் வென்றவர் சோஃபி ஜெர்மெயின் என்ற பிரெஞ்சுக் கணித அறிஞர். செய்யத் தெரிந்த ஒருவர், விளக்கத் தெரிந்த இன்னொருவர்: இந்த இருவரையும் உங்கள் கதையில் ஒரே வீட்டில் குடிவைத்துப் பாருங்கள், சண்டைக்குப் பஞ்சமே இருக்காது.

கடைசியாக ஒன்று. மணலுக்குப் பதில் மிக நுண்ணிய பொடியைத் தூவினால் கோலம் தலைகீழாகிவிடும். தட்டு அதிகமாக அதிரும் இடத்தில் போய்ப் பொடி குவியும், காரணம் அங்கே எழும் காற்றோட்டம் என்று ஆங்கிலேய விஞ்ஞானி ஃபாரடே 1831-இல் விளக்கினார். அதாவது ஒரே தட்டு, ஒரே ஓசை, தூவியதை மட்டும் யாரோ மாற்றி வைத்துவிட்டார்கள். துரோகம் செய்ய இதைவிட நல்ல வழி கிடைக்காது. என் கதையில் இதற்கு இடமில்லாமல் போய்விட்டது; வேண்டுமானால் நீங்கள் எடுத்துக்கொள்ளுங்கள்.