கதையில் முளைக்கும் மாய வாசனைச் செடி: வாசகர் கேள்விகளும் பதில்களும்

கற்பனை உலகக் கதைகளில் அரிய வாசனைச் செடி ஒன்றை நட்டிருக்கும் வாசகர்கள் அனுப்பிய கேள்விகள் இவை. கதை உங்களுடையது. நான் பயிரின் பக்கம் நின்று பதில் சொல்கிறேன்.

என் நாவலில் 'நிலாக்கொத்து' என்று ஒரு செடி. ஏழு நாடுகள் அதற்காகச் சண்டை பிடிக்கின்றன. 'ஏன் அவ்வளவு அரிது?' என்று தோழி கேட்கிறாள். மந்திரச் செடி என்று சொன்னால் போதாதா? (கொக்குவில் வாசகி)

போதாது, பிள்ளை. மந்திரம் இருப்பது வேறு, அரிதாக இருப்பது வேறு. அரிதுக்கு ஒரு காரணம் வேண்டும். அந்தக் காரணத்தின் பாரம் யாரோ ஒருவருடைய முதுகில் விழ வேண்டும்.

குங்குமப்பூவை எடுங்கள். ஒரு பூவில் மூன்றே மூன்று சிவப்பு இழைகள். உலர்ந்த ஒரு கிலோ வேண்டுமென்றால் ஏறக்குறைய 150,000 பூக்களைக் கையால் பறிக்க வேண்டும். அந்தச் செடி முளைக்கும் விதை வைப்பதும் இல்லை. மனிதர் கிழங்கைப் பிரித்து நட்டால்தான் அடுத்த தலைமுறை.

வனிலாவின் கதை இன்னும் வலிக்கும். மெக்சிக்கோப் பக்கத்துக் கொடி அது. வேறு நாடுகளுக்குக் கொண்டுபோனபோது பூத்தது, காய்க்கவில்லை. 1841இல் ரியூனியன் தீவில் எட்மண்ட் அல்பியஸ் என்ற 12 வயது அடிமைச் சிறுவன்தான், சிறு குச்சியையும் பெருவிரலையும் கொண்டு மகரந்தம் சேர்க்கும் எளிய வழியைக் கண்டுபிடித்தான். இன்றைக்கும் தோட்டங்களில் அதே முறைதான். பூ விரிந்திருப்பது ஒரே நாள்; அன்று கை படாவிட்டால் காய் இல்லை.

நிலாக்கொத்துக்கும் இப்படி ஒரு காரணத்தைத் தேர்ந்தெடுங்கள். அதைப் பறிக்கிறவர்களை முதலில் காட்டுங்கள். அரசர்கள் பிறகு வரட்டும்.

வாசனைச் செடி என்றாலே மலைநாடு, மழைக்காடு என்றுதான் எழுதுகிறார்கள். என் கதை உப்புக்காற்று வீசும் சுண்ணாம்புத் தீவில் நடக்கிறது. அங்கே அது முளைக்குமா? (நெடுந்தீவு வாசகர்)

கட்டாயம் முளைக்கட்டும். நம் யாழ்ப்பாணக் குடாநாட்டின் அடியில் இருப்பதும் சுண்ணாம்புக்கல்தான். ஆண்டு முழுக்க ஓடும் ஆறு நமக்கு இல்லை. மாரி மழை கல்லின் வெடிப்புகளால் இறங்கி, கடலோடு தொடர்புள்ள உப்புநீருக்கு மேலே நன்னீராக மிதக்கிறது. அளவுக்கு மிஞ்சி இறைத்தால் கீழே இருக்கும் உவர் மேலே ஏறிவிடும். புத்தூர் நிலாவரைக் கிணற்றில் மேலே நன்னீரும் ஆழத்தில் உப்புநீரும் இருக்கின்றன.

மாயச் செடிக்கு இதைவிட நல்ல விதி எங்கே கிடைக்கும்? வேர் நன்னீரில் நிற்கும்வரை அது மருந்து. பேராசையால் கூடுதலாக இறைத்த ஆண்டில் உவர் தொட்டு, அதே செடி நஞ்சாகிறது என்று வையுங்கள்.

அப்புறம், சாயவேரைப் பற்றியும் தேடிப் படியுங்கள். யாழ்ப்பாணத் தீவுகளிலும் மன்னாரிலும் மணல் நிலத்தில் தானாக முளைத்த சிறு பூண்டு அது. வேரிலிருந்து துணிக்குச் சிவப்புச் சாயம் எடுத்தார்கள். ஒல்லாந்தர் (டச்சுக்காரர்) காலத்தில் பெரிய வணிகப் பொருள்; வேர் தோண்டுவதற்கென்றே ஒரு குடியினர் இருந்தார்கள். வறண்ட மணலிலும் பேரரசுகள் தேடிவரும் செடி வளரும் என்பதற்கு வேறு சாட்சி வேண்டாம்.

மந்திரத்தால் செடிக்கு என்ன லாபம்? (பருத்தித்துறை மாணவி)

எனக்கு மிகவும் பிடித்த கேள்வி. வாசனையும் உறைப்பும் நமக்காக உண்டானவை அல்ல. பெரும்பாலும் பூச்சியையும் பூஞ்சணத்தையும் விலங்கையும் தடுக்கச் செடி செய்துகொண்ட காவல். மிளகாயின் உறைப்பு பறவைக்கு உறைக்காது. அது பழத்தை விழுங்கி, விதையைச் சிதைக்காமல் தூரத்தில் போடும். விதையைப் பல்லால் அரைக்கும் விலங்குக்குத்தான் வாய் எரியும். உங்கள் செடியின் மந்திரம் யாரை விரட்டுகிறது, யாரை அழைக்கிறது என்று முடிவு செய்யுங்கள்.

சமையல் காட்சியில் அதன் மணத்தை எப்படி எழுதுவது? (சாவகச்சேரி)

பறித்தவுடன் மணக்க வைக்காதீர்கள். பச்சை வனிலாக் காயில் அந்த மணமே இல்லை. பல வாரங்கள் வெதுப்பி உலர்த்திய பிறகுதான் வரும். பெருங்காயம் பச்சையாக மூக்கைப் பொத்த வைக்கும், சூடான எண்ணெயில் விழுந்ததும் வேறு ஆளாகிவிடும். நம் வீட்டுத் தூளுக்குச் செத்தல் மிளகாய், மல்லி, பெருஞ்சீரகம், வெந்தயம் எல்லாவற்றையும் தனித்தனியாக வறுப்பதைப் பார்த்திருப்பீர்கள். ஒவ்வொன்றுக்கும் ஒவ்வொரு பதம். வெந்தயம் கருகினால் முழுத் தூளும் கசக்கும். மாயமும் பதத்தில்தான் விழிக்க வேண்டும்.

ஒரு பேரரசு அந்தச் செடியை முழுவதும் தன் கைக்குள் வைத்திருக்க முடியுமா? (நல்லூர்)

கொஞ்சக் காலம் முடியும், இரத்தம் சிந்தி. சாதிக்காய் ஒருகாலத்தில் இன்றைய இந்தோனேசியாவின் பண்டா தீவுகளில்தான் விளைந்தது. 1621இல் ஒல்லாந்தக் கும்பனி, அதாவது டச்சுக் கிழக்கிந்திய வணிகக் கும்பனி, அந்த மக்களில் பெரும்பகுதியினரைக் கொன்றும் துரத்தியும் தீவுகளைப் பிடித்தது. 1658இல் யாழ்ப்பாணத்தைப் பிடித்ததும் அதே கும்பனிதான். வேறெங்கும் முளைக்கக் கூடாதென்று சாதிக்காயைச் சுண்ணாம்பில் தோய்த்து விற்றார்கள். அப்படியும் 1770 அளவில் கன்றுகள் கடத்தப்பட்டு மொரீசியஸ் போய்ச் சேர்ந்தன. உங்கள் கதையில் பேரரசின் தோல்வியை விட அந்தத் தீவு மக்களுக்கு என்ன நடந்தது என்பதற்குக் கூடுதல் பக்கம் கொடுங்கள்.

என் கதையில் ஒருவன் கன்றைத் திருடிக்கொண்டு ஓடுகிறான். பனை மாதிரி ஆண், பெண் என்று தனி மரமாக வைக்கலாமா? (மானிப்பாய்)

வைக்கலாம். சாதிக்காயும் அப்படித்தான். பூக்கும்வரை ஆணா பெண்ணா என்று பார்த்துச் சொல்ல முடியாது. அதற்கே ஆறேழு வருடம் ஆகும், பனைக்கு இன்னும் கூட. அதனால் அவன் ஒரு கன்றோடு ஓடினால் பயனில்லை, பல கன்றுகளைத் தூக்கட்டும்.