உயர் நீதிமன்ற உத்தரவை அதிகாரி நிறைவேற்றவில்லை. அவமதிப்பு வழக்கு போட்டால் பணம் கிடைக்குமா?

கடலூரில் என் அப்பாவின் ஓய்வூதிய நிலுவைக்காக இரண்டு முறை அவமதிப்பு வழக்குப் போட்ட குடும்பம் எங்களுடையது. முதல் முறை வெறுங்கையோடு திரும்பினோம். அதனால் கேட்கிறேன்: உங்கள் உத்தரவின் கடைசிப் பத்தியில் "பணத்தை வழங்க வேண்டும்" என்று இருக்கிறதா, "மனுவைப் பரிசீலித்து முடிவெடுக்க வேண்டும்" என்று இருக்கிறதா?

எங்களுக்கு முதலில் கிடைத்தது இரண்டாவது வகை. நகல் கிடைத்த நாளிலிருந்து 12 வாரங்களுக்குள் பரிசீலிக்கும்படி சென்னை உயர் நீதிமன்றம் சொன்னது. ஜெயித்துவிட்டோம் என்று அம்மா பாடலீஸ்வரர் கோயிலில் அர்ச்சனைகூடச் செய்துவிட்டு வந்தார். ஐந்து மாதமாகியும் பதில் இல்லை. அவமதிப்பு வழக்குத் தொடுத்தோம். விசாரணைக்கு இரண்டு நாள் முன்பு அலுவலகத்திலிருந்து கடிதம் வந்தது: பரிசீலிக்கப்பட்டது, நிராகரிக்கப்படுகிறது. வழக்கு அத்தோடு முடித்துவைக்கப்பட்டது. பரிசீலிக்கச் சொன்னார்கள், பரிசீலித்துவிட்டார்கள். அந்த முடிவு சரியா தவறா என்பதை அவமதிப்பு வழக்கில் பார்க்க மாட்டார்கள். அதற்குப் புதிதாக ரிட் மனு, அதாவது அரசு அலுவலகத்தின் முடிவை எதிர்த்து உயர் நீதிமன்றத்தில் போடும் மனு, போட வேண்டும். திரும்பும் பஸ்ஸில் மரக்காணம் உப்பளங்களைத் தாண்டும்வரை அப்பா வாயே திறக்கவில்லை.

இரண்டாவது ரிட் மனுவில் நிராகரிப்பு ரத்தாகி, நிலுவையை வழங்கும்படி நேரடியாகவே உத்தரவு வந்தது. இம்முறை நகல் தானாகப் போய்ச் சேரும் என்று காத்திருக்கவில்லை. சான்றிட்ட நகல் வாங்கி, மஞ்சக்குப்பத்தில் ஒப்புகை அட்டையுடன் பதிவுத் தபாலில் அனுப்பினோம். நகல் கிடைத்த நாளிலிருந்துதானே கெடு ஓடும். அந்த நாளுக்கு இந்த அட்டைதான் சாட்சி. ஊதா மை கலைந்த அலுவலக முத்திரை, அதன்மேல் சாய்வாக ஒரு கையெழுத்து, தேதி. அம்மா அதை பாஸ்புக் உறைக்குள் பத்திரமாக வைத்திருந்தார்.

கெடு முடிந்ததும் வக்கீல் நோட்டீஸ் அனுப்பினோம். மேல்முறையீடு செய்திருக்கிறோம் என்று பதில் வந்தது. பலர் இங்கேதான் சோர்ந்துபோகிறார்கள். மேல்முறையீடு செய்வதால் மட்டும் உத்தரவு நின்றுவிடாது. தடையாணை வாங்கியிருக்க வேண்டும். அவர்கள் வாங்கவில்லை. வழக்குத் தொடுத்தோம், அதிகாரி நேரில் வரும்படி நோட்டீஸ் போனது, மூன்று வாரத்தில் பணம் அப்பாவின் கணக்கில் ஏறியது.

அதிகாரியைச் சிறைக்கு அனுப்பும் எண்ணத்தோடு வழக்குப் போடாதீர்கள். 1971ஆம் ஆண்டின் நீதிமன்ற அவமதிப்புச் சட்டத்தில் வேண்டுமென்றே மீறியிருந்தால்தான் குற்றம். அதிகபட்சத் தண்டனையே 6 மாத வெறுங்காவலும் (கடின வேலை இல்லாத சிறை) 2,000 ரூபாய் அபராதமும்தான். மன்னிப்புக் கேட்டு நீதிமன்றம் ஏற்றுக்கொண்டால் அதுவும் விலகிவிடும். நமக்கு வேண்டியது உத்தரவு நிறைவேறுவது.

இன்னொன்று, அதே சட்டத்தின் 20ஆவது பிரிவு. மீறல் நடந்த நாளிலிருந்து ஓராண்டுக்குள் வழக்குத் தொடுத்தாக வேண்டும். "ஃபைல் மேலே போயிருக்கிறது, அடுத்த மாதம் வாருங்கள்" என்ற பேச்சை நம்பி அந்த ஓராண்டைத் தொலைத்தவர்களை நான் நேரில் பார்த்திருக்கிறேன், நெஞ்சு பதறுகிறது. புதுச்சேரிக்காரர்களுக்கும் இதே சட்டம், இதே சென்னை உயர் நீதிமன்றம்தான்.

உங்கள் கெடு எந்தத் தேதியில் முடிந்தது என்று கேள்வியில் நீங்கள் எழுதவில்லை. எண்ணிப் பாருங்கள். ஒன்பது மாதம் தாண்டியிருந்தால் நாளைக் காலையே வக்கீலைப் போய்ப் பாருங்கள்.