கிரைம் நாவலுக்கு அடுத்து என்ன படிக்கலாம்?

கேள்வி: வயது 46. பள்ளிக்கூட நாட்களிலிருந்தே கிரைம் நாவல் பைத்தியம். சுஜாதா, ராஜேஷ்குமார், சுபா, பட்டுக்கோட்டை பிரபாகர் எல்லாரையும் கரைத்துக் குடித்தாயிற்று. தன்வரலாறு, வரலாறு என்று கலந்து படிக்க ஆசை. ஆனால் வாங்கி வைத்தால் இருபதாவது பக்கத்தில் தூக்கம் வருகிறது. ஆன்லைன் கடையோ ஏற்கெனவே படித்த மாதிரிப் புத்தகங்களையே திரும்பத் திரும்பக் காட்டுகிறது. எங்கே தொடங்குவது, எப்படித் தேர்ந்தெடுப்பது?
– கோவை வாசகி

பதில்: தூக்கம் வந்தால் தப்பு உங்கள் மேல் இல்லை, எடுத்த புத்தகத்தின் மேல். வரலாறு படிக்கக் கிளம்புகிறவர்கள் எடுத்த எடுப்பிலேயே ஒரு பேரரசின் முழுக் கதையை வாங்கிவிடுகிறார்கள். நீலகண்ட சாஸ்திரியின் ‘சோழர்கள்’ பெரிய நூல்தான், சந்தேகமே இல்லை. ஆனால் கல்வெட்டு கல்வெட்டாக விசாரித்துப் போகும் அந்தப் புத்தகத்தில் முதல் முறையாக நுழைகிறவருக்கு மூச்சு முட்டும்.

கிரைம் நாவலில் உங்களுக்கு எது பிடிக்கிறது என்று கொஞ்சம் யோசியுங்கள். கொலையா? இருக்காது. யார் பொய் சொல்கிறார்கள், எந்தத் தடயம் எங்கே கொண்டு போகிறது என்று துரத்துவதுதானே? அந்தத் துரத்தல் தன்வரலாற்றிலும் உண்டு, வரலாற்றிலும் உண்டு. அதனால் அலமாரியின் பெயரைப் பார்த்துத் தேடாதீர்கள். ஒரு ஆளையோ வழக்கையோ ஊரையோ பிடித்துக்கொண்டு அது எந்த அலமாரிக்குப் போனாலும் பின்னாலேயே போங்கள்.

உங்களுக்கு நான் முதலில் எடுத்துக் கொடுப்பது உ.வே.சாமிநாதையரின் ‘என் சரித்திரம்’. தமிழ்த் தாத்தா, பாடப்புத்தகம், தூக்கம் என்று பயப்பட வேண்டாம். 1940 முதல் ஆனந்த விகடனில் வாராவாரம் தொடராக வந்தது அது. 1942-இல் அவர் காலமானதால் முடியாமலே நின்றுபோனது. தொடராக எழுதியதால் அத்தியாயங்கள் சின்னச் சின்னவை, ஒவ்வொன்றிலும் ஒரு சம்பவம். முதல் பக்கத்திலிருந்து தொடங்க வேண்டும் என்ற கட்டாயமும் இல்லை. 1880-இல் கும்பகோணத்துக்கு முன்சீபாக வந்த சேலம் இராமசுவாமி முதலியாரை அவர் போய்ப் பார்க்கும் இடத்தைத் தேடிப் பிடியுங்கள்.

முதலியார் என்னென்ன படித்திருக்கிறீர்கள் என்று கேட்கிறார். இவர் அந்தாதி, கலம்பகம், பிள்ளைத்தமிழ், புராணம் என்று அடுக்குகிறார். முதலியாரின் முகத்தில் ஒரு மாற்றமும் இல்லை. இதெல்லாம் படித்து என்ன பிரயோசனம் என்று கேட்டுவிட்டு, சீவக சிந்தாமணி படித்ததுண்டா என்கிறார். அங்கே தொடங்குகிறது வேட்டை. ஏட்டுச்சுவடியில் பிழைகள், புரியாத சமண மரபுச் செய்திகள், விளக்கம் சொல்ல ஆளில்லை. கும்பகோணத்திலேயே சமணர்கள் இருப்பதாகத் தெரிந்து போய்ப் பார்த்தால், அங்கே ஒரு வீட்டில் சிந்தாமணியைப் பாடம் கேட்டு முடித்ததைக் கொண்டாடிக்கொண்டிருக்கிறார்கள்! சுவடிக்குச் சுவடி சொற்கள் மாறுவதை ஒப்பிட்டு, மேற்கோளாக வந்த பாட்டு எந்த நூலைச் சேர்ந்தது என்று துப்புத் துலக்கி, 1887-இல் நூலைப் பதிப்பிக்கும் வரை நீளும் அந்தப் பகுதியை ஒரு துப்பறியும் கதையாகவே படிக்கலாம். சுஜாதாவின் கணேஷ்–வசந்தோடு பழகிய உங்களுக்கு இதன் சுவை உடனே பிடிபடும்.

அடுத்து ஒரு நிஜக் கொலை வழக்கு. இந்துநேசன் பத்திரிகையில் சினிமாக்காரர்களின் அந்தரங்கத்தை எழுதிவந்த லட்சுமிகாந்தனை 1944 நவம்பரில் சென்னை வேப்பேரியில் குத்தினார்கள். மறுநாள் இறந்துபோனார். அன்றைய உச்ச நட்சத்திரங்களான தியாகராஜ பாகவதருக்கும் என்.எஸ்.கிருஷ்ணனுக்கும் தண்டனை கிடைத்தது. வழக்கு அன்றைய உச்ச மேல்முறையீட்டு மன்றமான லண்டன் பிரிவி கவுன்சில் வரை போய்த் திரும்பி, 1947-இல் இருவரும் விடுதலையானார்கள். அப்படியானால் கொன்றது யார்? இன்றுவரை முடிச்சு அவிழவில்லை. இந்த வழக்கைப் பற்றிக் கிடைப்பதை முதலில் படியுங்கள். அப்புறம் அவ்வை தி.க.சண்முகத்தின் ‘எனது நாடக வாழ்க்கை’யை எடுங்கள். கைதான அதே என்.எஸ்.கிருஷ்ணன், சண்முகமும் அவர் சகோதரர்களும் நடத்திய டி.கே.எஸ். நாடகக் கம்பெனியில் வளர்ந்தவர். நாடகாசிரியர் சங்கரதாஸ் சுவாமிகள் ஒரே இரவில் ‘அபிமன்யு சுந்தரி’ நாடகத்தை எழுதி முடித்ததை நேரில் பார்த்தவர் சொல்லும் இடமும் இதில்தான் வருகிறது. அங்கிருந்து, நாடகமும் சினிமாவும் அரசியலோடு எப்படிப் பின்னிக்கொண்டன என்று சு.தியடோர் பாஸ்கரன் எழுதியவற்றுக்குப் போனால், உங்களுக்கே தெரியாமல் வரலாற்று அலமாரியில் நின்றுகொண்டிருப்பீர்கள்.

புதுச்சேரி பிடிக்குமென்றால் இன்னொரு பாதை. பிரபஞ்சனின் ‘மானுடம் வெல்லும்’, ‘வானம் வசப்படும்’ நாவல்களில் நுழைந்து ஆனந்தரங்கப் பிள்ளையின் நாட்குறிப்புக்குப் போவது. பிரெஞ்சு கவர்னர் டூப்ளேயின் துபாஷியாக (மொழிபெயர்ப்பாளராகவும் தரகராகவும்) இருந்த பிள்ளை 1736 முதல் எழுதிவைத்தது அது. கப்பல் வந்தது, பீரங்கி முழங்கியது, யார் யாரைக் கவிழ்க்கப் பார்த்தார்கள், துரையின் மனைவி எங்கெல்லாம் மூக்கை நுழைத்தாள் எல்லாம் இருக்கும். நாட்குறிப்பை முழுக்கப் படிக்க முயலாதீர்கள். 1746-இல் பிரெஞ்சுக்காரர்கள் சென்னையைப் பிடித்த மாதங்களை மட்டும் எடுத்துக்கொண்டால் போதும், அதிலேயே ஒரு நாவலுக்கான சூழ்ச்சி உண்டு.

ஆங்கிலமும் படிப்பீர்கள் என்றால் அகதா கிறிஸ்டியை விட வேண்டாம். அவருடைய இரண்டாவது கணவர் மாக்ஸ் மல்லோவன் தொல்லியல் அறிஞர். அவரோடு இராக்கிலும் சிரியாவிலும் அகழாய்வுக் கூடாரங்களில் கழித்த காலம்தான் மெசபடோமியாவில் நடக்கும் அவரது கொலை நாவலுக்கு அடிப்படை. சிரியா வாழ்க்கையைப் பற்றி 1946-இல் தனியாக ஒரு நினைவு நூலும் எழுதினார், சிரிக்க வைக்கும் புத்தகம். இராக்கில் பழைய அசீரிய நகரான நிம்ருத்தில் தோண்டியெடுத்த தந்தச் சிற்பங்களைத் தன் முகக் கிரீமைத் தடவிச் சுத்தம் செய்ததாகத் தன்வரலாற்றில் சொல்கிறார். அந்தத் தந்தங்கள் யாருடையவை என்று கேட்கத் தோன்றிவிட்டால் அசீரிய வரலாறு தானாகக் கைக்கு வரும்.

கடையில் நின்று தேர்ந்தெடுக்கும்போது அட்டையையும் பின்னட்டைப் பாராட்டையும் நம்பாதீர்கள். தன்வரலாறு என்றால் நடுவில் எங்காவது பிரித்து நான்கு பக்கம் படியுங்கள். மற்றவர்கள் பேசுகிறார்களா, சண்டை போடுகிறார்களா, சோறு சாப்பிடுகிறார்களா என்று பாருங்கள். பக்கத்துக்குப் பக்கம் மாலையும் பொன்னாடையும் மட்டுமே என்றால் அங்கேயே வைத்துவிடலாம், பிரமுகர்கள் பலரின் நூல்கள் அப்படித்தான். வரலாறு என்றால் கடைசிப் பக்கங்களைப் பாருங்கள். அடிக்குறிப்பும் நூற்பட்டியலும் இருந்தால், இவருக்கு இது எப்படித் தெரியும் என்று நீங்கள் விசாரிக்க வழி இருக்கிறது. உங்கள் அடுத்த புத்தகமும் பெரும்பாலும் அந்தப் பட்டியலிலேயே கிடக்கும். இரண்டும் இல்லாமல், ‘நமது முன்னோர்கள் அப்போதே கண்டுபிடித்தார்கள்’ என்று ஆச்சரியக்குறிகளோடு ஓடும் புத்தகங்களுக்குப் பணம் செலவழிக்க வேண்டாம்.

தன்வரலாற்றை அப்படியே நம்பவும் வேண்டாம். எழுதுகிறவர் தன் கட்சிக்குத்தான் சாட்சி சொல்வார். ஒரே சம்பவத்தை இரண்டு பேர் எழுதியிருந்தால் இரண்டையும் படியுங்கள். முரண்படும் இடத்தில்தான் சுவாரஸ்யமே.

ஆன்லைன் கடையின் பரிந்துரை உங்கள் பழைய பில்லைப் பார்த்துப் பேசுவது, அதை மாற்ற மெனக்கெட வேண்டாம். பக்கத்துக் கிளை நூலகத்தில் உறுப்பினராகி, படித்துப் பார்த்துப் பிடித்ததை மட்டும் வாங்குங்கள். சென்னைக்கு வந்தால் கன்னிமாரா, கோட்டூர்புரம் அண்ணா நூற்றாண்டு நூலகம் இரண்டிலும் ஒரு பகல் செலவழிக்கலாம். அச்சில் இல்லாத பழைய நூல்களுக்குத் தமிழ் இணையக் கல்விக்கழகத்தின் மின்னூலகத்தில் தேடுங்கள், இலவசம்.

கிரைம் நாவலை விட்டுவிட வேண்டுமா என்று நீங்கள் கேட்கவில்லை, இருந்தாலும் சொல்கிறேன், வேண்டவே வேண்டாம். இரவில் தூங்கப் போகுமுன் நாவல், ஞாயிறு மதியம் ‘என் சரித்திர’த்தில் இரண்டு அத்தியாயம் என்று வைத்துக்கொள்ளுங்கள். சிந்தாமணி பதிப்பு வரை வந்தும் பிடிக்கவில்லை என்றால் திருப்பிக் கொடுத்துவிட்டு லட்சுமிகாந்தன் வழக்கை எடுங்கள்.