நிக்ஸனுக்கு எழுதிய கை

கேள்வி: தலைவர்களுக்கு மேடைப் பேச்சு எழுதிக் கொடுத்தவர்கள் மறுநாளே நடுநிலைப் பத்திரிகையாளர் ஆகிவிடுகிறார்கள். அமெரிக்காவில் வில்லியம் சஃபயர் அப்படித்தான் வந்தார். இவர்களுக்கெல்லாம் பத்திரிகைகள் இடம் கொடுக்கலாமா? (வாசகர், தென்காசி)

பதில்: கொடுக்கலாம். சஃபயர் என்றைக்கும் தன்னை நடுநிலையாளர் என்று சொல்லிக்கொண்டதில்லை. அதிபர் நிக்ஸனின் வெள்ளை மாளிகையில் உரை எழுதியவர் என்பது நியூயார்க் டைம்ஸ் வாசகர் அத்தனை பேருக்கும் தெரியும். 1970-ல் துணை அதிபர் ஆக்னியூ எதிர்ப்பாளர்களைச் சாடியபோது உதிர்த்த, ‘நாட்டரிங் நபாப்ஸ் ஆஃப் நெகட்டிவிசம்’ (எதற்கும் குறை சொல்லிப் புலம்பும் பிரபுக்கள்) என்ற, மோனை கட்டிய பிரபல வசை இவர் எழுதிக் கொடுத்தது. பத்திரிகைகளோடு மல்லுக்கு நின்ற அந்த ஆட்சியிலிருந்து ஒருவரை 1973-ல் பத்தி எழுத அழைத்து வந்ததும், டைம்ஸுக்குள்ளேயே பலர் கொதித்தார்கள். நீங்கள் இன்று கேட்பதைத்தான் அவர்களும் அன்று கேட்டார்கள்.

அதே ஆண்டில் ஒரு செய்தி வெளியானது. சஃபயர் யாருக்காக இரவு பகலாக எழுதினாரோ, அந்த அரசே அவருடைய வீட்டுத் தொலைபேசியை ஒட்டுக்கேட்டிருந்தது! அந்தக் காயம் அவருக்குக் கடைசிவரை ஆறவில்லை. புஷ் அரசு 2001-ல் வெளிநாட்டவரை ராணுவ நீதிமன்றத்தில் நிறுத்த ஆணையிட்டபோதும், மறு ஆண்டு பென்டகன் (அமெரிக்க ராணுவத் தலைமையகம்) மக்களின் தகவல்களை ஒட்டுமொத்தமாகத் திரட்டத் திட்டமிட்டபோதும், முதல் ஆட்களில் ஒருவராக எதிர்த்து எழுதியவர் இந்த ‘நிக்ஸன் ஆள்’தான். பென்டகன் திட்டத்துக்கான பணத்தை 2003-ல் அமெரிக்க நாடாளுமன்றம் நிறுத்தியது. அதிகாரத்தை உள்ளே இருந்து பார்த்தவருக்குத்தான் அது எங்கே கை வைக்கும் என்று தெரியும். இப்படிப்பட்டவர்கள் பத்திரிகைக்குத் தேவை என்று நான் நினைப்பதற்கு அதுவே காரணம்.

அதிபர் கார்ட்டரின் பட்ஜெட் இயக்குநர் பெர்ட் லான்ஸின் வங்கி விவகாரங்களைத் துருவி எழுதியதற்கு 1978-ல் சஃபயருக்கு, பத்திரிகை உலகின் பெரிய விருதான புலிட்சர் பரிசு கிடைத்தது. லான்ஸ், நிக்ஸனுக்கு எதிர்முகாமான ஜனநாயகக் கட்சிக்காரர். பழைய கணக்கைத் தீர்க்கிறார் என்ற பேச்சு எழத்தான் செய்தது. லான்ஸ் பதவி விலகினார். பின்னால் நடந்த வழக்கில் தண்டனை ஏதும் இல்லை. இருவரும் பிற்காலத்தில் நண்பர்களும் ஆனார்கள்.

அவர் உண்மையிலேயே சறுக்கிய இடம் வேறு. செப்டம்பர் 11 தாக்குதலை நடத்திய முகமது அட்டா, பிராக் நகரில் ஈராக் உளவு அதிகாரியைச் சந்தித்தான் என்று பத்திக்குப் பத்தி எழுதினார். ஐயத்துக்கு இடமில்லாத உண்மை என்றே எழுதினார். அந்தச் சந்திப்பு நடந்ததற்குக் கிடைத்த ஆதாரங்கள் போதாது என்று 2004-ல் அந்தத் தாக்குதலை விசாரித்த ஆணையம் முடிவு சொன்னது. அதற்குள் ஈராக்கில் போர் தொடங்கி ஓராண்டுக்கு மேல் ஆகியிருந்தது. நிக்ஸன் விசுவாசத்துக்கும் இந்தத் தவறுக்கும் சம்பந்தமே இல்லை. தான் நம்ப விரும்பியதை நம்பினார், அச்சிட்டவர்களும் விட்டுவிட்டார்கள். அவர் எங்கிருந்து வந்தவர் என்று முப்பது வருடம் குடைந்தவர்கள், இந்தத் தகவல் எங்கிருந்து வந்தது என்று அதே கடுமையோடு கேட்டிருக்க வேண்டும்.

ஆகவே முன்னாள் கட்சிக்காரர் எழுதுகிறாரே என்று எங்களுக்குக் கடிதம் போடாதீர்கள். அவர் எழுதியதில் ஆதாரம் இல்லாத வரி எது என்று குறித்துப் போடுங்கள். அதற்கு நாங்கள் பதில் சொல்லியே ஆக வேண்டும்.