சேரன்மகாதேவி வயலும் பிராம்ப்டன் வீடும்

அன்புள்ள தங்கச்சி,

உங்கள் கேள்வியைக் கல்லிடைக்குறிச்சியில், அம்மா வீட்டுத் திண்ணையில் உட்கார்ந்து படித்தேன். ஒரு மாத விடுப்பில் வந்திருக்கிறேன். கனடாவுக்கு வந்து பதினான்கு மாதம் ஆகிறது, பிராம்ப்டனில் மாதம் 2,600 டாலர் வாடகை கொடுக்கிறோம், அது வீண் செலவு என்று எல்லோரும் சொல்கிறார்கள் என்று எழுதியிருக்கிறீர்கள். 6,50,000 டாலருக்கு ஒரு வீடு பார்த்திருக்கிறீர்கள். 5 விழுக்காடு வட்டியில் மாதம் சுமார் 3,700 டாலர் தவணை வரும் என்று வங்கி சொல்லியிருக்கிறது. கையில் 40,000 டாலர் முன்பணம் இருக்கிறது. மேற்கொண்டு தேவைப்படும் பணத்துக்குச் சேரன்மகாதேவி வயலை விற்றுத் தருவதாக உங்கள் மாமனார் சொல்கிறார். வாங்கலாமா அக்கா, இதில் எங்களுக்குத் தெரியாத செலவு என்ன என்று கேட்கிறீர்கள்.

என் பதிலை முதலிலேயே சொல்லிவிடுகிறேன். வயலை விற்க வேண்டாம். வீட்டை இரண்டு ஆண்டு கழித்து வாங்குங்கள். ஏன் என்பதை விரிவாகவே எழுதுகிறேன். 2008-இல் நான் முதல் வீடு வாங்கியபோது இதைச் சொல்ல எனக்கு ஆள் இல்லை.

நம் ஊரில் வட்டியை மாதக் கணக்கில்தான் பேசுவோம். இரண்டு வட்டி என்றால் நூறு ரூபாய்க்கு மாதம் இரண்டு ரூபாய். அதைக் கேட்டுப் பழகிய காதுக்கு, ஆண்டுக்கு 5 விழுக்காடு என்பது அரை வட்டிகூட இல்லை என்று படும். எனக்கும் அப்படித்தான் பட்டது. இவ்வளவு மலிவாகக் கடன் கிடைக்கும்போது வாங்காமல் இருப்பதுதான் நட்டம் என்று நினைத்தேன். ஆனால் என் அப்பா நடவுச் செலவுக்கு அம்மாவின் சங்கிலியை அடகு வைத்தால், அறுவடை முடிந்ததும் மீட்டுவிடுவார். அவருடைய கடன் ஆறு மாதக் கடன். இரண்டு வட்டியாகவே இருந்தாலும் ஆறு மாதத்தில் நூறு ரூபாய்க்கு 12 ரூபாயோடு முடிந்துவிடும். நீங்கள் வாங்கப்போவது 25 ஆண்டுக் கடன். மாதந்தோறும் அசலையும் சேர்த்தே அடைத்து வந்தாலும், வாங்கிய ஒவ்வொரு நூறு டாலருக்கும் 74 டாலருக்கு மேல் வட்டியாகவே போகும். விகிதம் சிறியதாக இருக்கிறது என்று மனம் ஆறுதல் அடைகிறது. காலம் என்ன செய்கிறது என்று அது பார்ப்பதில்லை.

உங்கள் வீட்டுக்கே கணக்குப் போடுகிறேன். கனடாவில் வீட்டு விலையின் முதல் 5,00,000 டாலருக்கு 5 விழுக்காடும், அதற்கு மேற்பட்ட தொகைக்கு 10 விழுக்காடும் குறைந்தபட்ச முன்பணம். 6,50,000-க்கு அது சரியாக 40,000 வருகிறது. உங்கள் கையில் இருப்பதும் அதுதான். மீதி 6,10,000 கடன். ஆனால் 20 விழுக்காட்டுக்குக் குறைவாக முன்பணம் கொடுப்பவர்கள் கடன் காப்பீடு எடுத்தே ஆக வேண்டும். நீங்கள் தவணை கட்டத் தவறினால் வங்கிக்கு நட்டம் வராமல் பாதுகாக்கும் காப்பீடு அது. பாதுகாப்பு வங்கிக்கு, கட்டணம் உங்களுக்கு. உங்கள் நிலையில் கடனில் 4 விழுக்காடு, அதாவது 24,400 டாலர். அதைக் கையிலிருந்து கேட்கமாட்டார்கள், கடனோடு சேர்த்துவிடுவார்கள். அதனால்தான் பலருக்கு அது கண்ணிலேயே படுவதில்லை. சாவி கைக்கு வரும் நாளில் உங்கள் கடன் 6,34,400 டாலர்.

அந்தக் கடனுக்கு 5 விழுக்காட்டில், 25 ஆண்டுக்கு, மாதத் தவணை சுமார் 3,690. முதல் மாதத் தவணையில் 2,616 டாலர் வட்டி. அசலில் கழிவது 1,074 மட்டுமே. வட்டி மாறாமலே இருந்தால் 25 ஆண்டில் நீங்கள் கட்டி முடிப்பது 11 லட்சத்து 7 ஆயிரம் டாலர். அதில் வட்டி மட்டும் 4,72,000-க்கு மேல். 30 ஆண்டாக நீட்டிக்கொள்ளுங்கள், தவணை குறையும் என்று யாராவது சொல்வார்கள். குறையும்தான், மாதம் 300 டாலர் அளவுக்கு. அதற்கு விலையாக ஏறத்தாழ 1,12,000 டாலர் வட்டி கூடும். மாதத் தவணை எவ்வளவு என்று மட்டும் கேட்பவரிடம் இதை யாரும் சொல்வதில்லை, தங்கச்சி. எத்தனை ஆண்டு, மொத்தம் எவ்வளவு என்று நீங்கள்தான் கேட்க வேண்டும்.

முதல் ஐந்து ஆண்டைத் தனியாகப் பாருங்கள். புதிதாக வந்தவர்களின் வாழ்க்கை அந்த ஐந்து ஆண்டில்தான் ஒரு நிலைக்கு வராமல் ஆடிக்கொண்டிருக்கும். வேலை மாறும், ஊர் மாறும், குழந்தை பிறக்கும், இங்கே அப்பா அம்மாவுக்கு உடம்புக்கு முடியாமல் போகும். அறுபது தவணையில் நீங்கள் கட்டுவது 2,21,000 டாலர். அதன்பிறகும் நிற்கும் கடன் 5,61,500. ஆரம்பத்தில் உண்மையில் கடனாக வாங்கியது 6,10,000 என்பதால், அடைந்தது 48,500 மட்டுமே. அந்த நேரத்தில் வீட்டை வாங்கிய விலைக்கே விற்க நேர்ந்தால், தரகுக் கூலி 5 விழுக்காடும், உங்கள் மாகாணமான ஒன்ராறியோவில் அந்தக் கூலியின் மேல் விற்பனை வரி 13 விழுக்காடும் சேர்ந்து 36,700 போய்விடும். முன்பணத்தை நீக்கிப் பார்த்தால் மிஞ்சுவது 12,000-க்கும் குறைவு. விலை ஏறியிருந்தால் நல்லது. இறங்கியிருந்தால் முன்பணத்திலும் கை வைக்க வேண்டிவரும்.

வாடகை வீண் என்று சொல்பவர்களிடம் இந்தக் கணக்கைக் காட்டுங்கள். அந்த ஐந்து ஆண்டில் வட்டியாக மட்டும் மாதத்துக்குச் சராசரி 2,475 டாலர் போகிறது. அது வங்கிக்குக் கொடுக்கும் வாடகை. அதற்கு மேல் சொத்து வரி, வீட்டுக் காப்பீடு, வெந்நீர், சூடேற்றும் அடுப்பு, கூரை. நம் ஊர் ஓட்டு வீட்டில் ஓடு உடைந்தால் ஓர் ஆளைக் கூப்பிட்டு மாற்றிவிடலாம். அங்கே கூரையின் மேல்தகடுகளை இருபது ஆண்டுக்கு ஒருமுறையாவது முழுவதும் மாற்ற வேண்டும். அதற்கு ஆயிரக்கணக்கில் ஆகும். வாடகை வீட்டில் இது எதுவும் உங்கள் தலையில் விழாது. 2,600 டாலரில் உங்களுக்கு ஒரு கூரையும், நினைத்தபோது கிளம்பும் உரிமையும் கிடைக்கின்றன. அதை வீண் என்று நான் சொல்லமாட்டேன்.

இன்னொன்று. 5 விழுக்காடு 25 ஆண்டுக்கும் நிற்காது. அங்கே கடன் 25 ஆண்டுக்கு என்றாலும் வட்டி ஒப்பந்தம் பெரும்பாலும் ஐந்து ஆண்டுக்குத்தான். அது முடிந்ததும் அன்றைய வட்டியில் புதுப்பிக்க வேண்டும். 2022 மார்ச்சில் 0.25 விழுக்காட்டில் இருந்த கனடா மைய வங்கியின் வட்டி 2023 ஜூலையில் 5 விழுக்காட்டைத் தொட்டது. பதினாறே மாதம். மலிவான வட்டியில் வாங்கியிருந்த எத்தனையோ குடும்பங்களுக்குத் தூக்கம் போனதைப் பக்கத்தில் இருந்து பார்த்தேன். பிள்ளையின் நீச்சல் வகுப்பை நிறுத்தினார்கள், ஊருக்கு டிக்கெட் போடுவதைத் தள்ளிவைத்தார்கள்.

என் சொந்த அடி வேறு விதமானது. 2012-இல் கணவருக்கு வேறு மாகாணத்தில் வேலை கிடைத்தது. நிலையான வட்டி ஒப்பந்தம் முடிய இன்னும் மூன்று ஆண்டு இருந்தது. வீட்டை விற்றுக் கடனை அடைத்துவிடலாம் என்று போனால் 11,000 டாலருக்கு மேல் அபராதம் கேட்டார்கள். மூன்று மாத வட்டி, அல்லது பழைய வட்டிக்கும் புதிய வட்டிக்கும் உள்ள வித்தியாசத்தை மீதிக் காலத்துக்குக் கணக்கிட்ட தொகை, இரண்டில் எது பெரியதோ அது என்று ஒப்பந்தத்தில் இருந்தது. நான் படிக்காமல் கையெழுத்துப் போட்டிருந்தேன். இந்தியாவில் மாறும் வட்டியில் உள்ள வீட்டுக் கடனைத் தனிநபர் முன்கூட்டியே அடைத்தால் வங்கி அபராதம் வாங்கக் கூடாது என்று அதே 2012-இல்தான் ரிசர்வ் வங்கி உத்தரவிட்டது. கடனை அடைப்பவரைத் தண்டிப்பார்கள் என்று நமக்குத் தோன்றவே தோன்றாது. அந்த இரவு நான் அழுதேன். அம்மாவின் கண் அறுவைச் சிகிச்சைக்கு வைத்திருந்த பணமும் அதில் போயிற்று.

இந்தியாவில் பழைய வரிமுறையில் வீட்டுக் கடன் வட்டிக்கு 2 லட்சம் ரூபாய் வரை வருமான வரிக் கழிவு உண்டு. அந்த நினைப்போடு கனடாவில் கணக்குப் போடாதீர்கள். அங்கே குடியிருக்கும் வீட்டின் வட்டிக்குக் கழிவு கிடையாது. குடியிருந்த வீட்டை விற்று வரும் லாபத்துக்கு வரி இல்லை என்பது உண்மை. அது பெரிய சலுகை. ஆனால் அது விற்கும் நாளில் கிடைப்பது, மாதச் சம்பளத்தில் தெரியாது.

வங்கி கொடுக்கிறேன் என்கிறதே, தாங்காது என்றால் கொடுக்குமா என்று கேட்டிருக்கிறீர்கள். உங்கள் வட்டியோடு 2 விழுக்காடு கூட்டி, 7 விழுக்காட்டில் உங்களால் கட்ட முடியுமா என்று வங்கி சோதிக்கிறது. அந்தச் சோதனையில் உங்கள் மற்றக் கடன்களைப் பார்ப்பார்கள். பாளையங்கோட்டையில் உங்கள் அம்மா மாதம் வாங்கும் மருந்தைப் பார்க்கமாட்டார்கள். தம்பியின் படிப்பு, கொழுந்தியாள் கல்யாணம், மூன்று ஆண்டுக்கு ஒருமுறை நான்கு பேருக்கு விமான டிக்கெட், இவை எதுவும் அந்தத் தாளில் இல்லை. உங்கள் கணக்கில் இவைதான் முதல் வரியாக இருக்க வேண்டும்.

இப்போது வயல். நேற்றுத் திருநெல்வேலியிலிருந்து ரயிலில் வரும்போது சேரன்மகாதேவியில் பிசானப் பருவ நெல் நடவு நடந்துகொண்டிருந்தது. வண்டி நிலையத்தை விட்டுக் கிளம்பும்வரை ஜன்னலோரமாகப் பார்த்துக்கொண்டே இருந்தேன். கன்னடியன் கால்வாய்த் தண்ணீர் பாயும் இரண்டு போக வயல் கைவிட்டுப் போனால் திரும்ப வராது.

கணக்கையும் நேர்மையாகச் சொல்ல வேண்டும். வயலை விற்று 60,000 டாலர் வருகிறது என்று வைத்துக்கொள்வோம். முன்பணம் ஒரு லட்சமாகும். காப்பீட்டுக் கட்டணம் 2.8 விழுக்காடாக இறங்கி 9,000 டாலர் மிஞ்சும். தவணை மாதம் 400 டாலர் குறையும். 25 ஆண்டில் ஏறத்தாழ 51,000 டாலர் வட்டி குறையும். இது சின்னத் தொகை இல்லை. அதனால்தான் உங்கள் மாமனாரின் யோசனை தவறு என்று நான் சொல்லவில்லை. ஆனால் அந்தப் பணம் அன்பளிப்பு, திருப்பித் தர வேண்டியதில்லை என்று அவர் எழுதிக் கையெழுத்துப் போட்டுக் கொடுக்க வேண்டும்; வங்கி கேட்கும். எழுபது வயதுக்காரர் தன் வருமானத்தைத் தானே எழுதிக் கொடுப்பது அது. பூர்வீக நிலமாக இருந்தால் உங்கள் நாத்தனாருக்கும் அதில் பங்கு உண்டு, அவரைக் கேட்டீர்களா? நாளைக்குக் கசப்பு வந்தால் அதற்கு எந்த வங்கியும் காப்பீடு தராது.

அந்த 60,000-ஐ நீங்களே சேர்க்க வழி இருக்கிறது. 2023-இல் கனடாவில் முதல் வீட்டுச் சேமிப்புக் கணக்கு என்று ஒன்றைக் கொண்டுவந்தார்கள். ஒருவர் ஆண்டுக்கு 8,000 டாலர், மொத்தம் 40,000 வரை போடலாம். போடும் பணத்துக்கு வருமான வரிக் கழிவு உண்டு, வீடு வாங்க எடுக்கும்போதும் வரி இல்லை. கணக்கைத் திறந்த ஆண்டிலிருந்துதான் அந்த வரம்பு சேரத் தொடங்கும். ஆகவே நீங்களும் உங்கள் கணவரும் இந்த வாரமே ஆளுக்கு ஒன்று திறந்துவிடுங்கள். கையில் உள்ள 40,000-இல் 16,000-ஐ இப்போதும் இன்னொரு 16,000-ஐ ஜனவரியிலும் போட்டாலே கட்டிய வரியில் நல்ல தொகை திரும்பக் கிடைக்கும். பதினான்கு மாதத்தில் 40,000 சேர்த்தவர்கள் நீங்கள். இன்னும் இரண்டு ஆண்டில் ஒரு லட்சம் உங்களுக்குக் கைக்கெட்டும் தூரம்தான்.

ஒன்ராறியோவில் பத்திரப் பதிவின்போது நில மாற்று வரி கட்ட வேண்டும். உங்கள் வீட்டுக்கு 9,475 டாலர். முதல் வீடு வாங்குபவர்களுக்கு 4,000 வரை திரும்பக் கிடைக்கும். ஆனால் உலகில் எங்குமே சொந்த வீடு வைத்திருந்திருக்கக் கூடாது என்பது நிபந்தனை. உங்கள் கணவர் பெயரில் ஊரில் வீடு ஏதாவது எழுதப்பட்டிருக்கிறதா என்று பாருங்கள். இந்த வரியும், காப்பீட்டுக் கட்டணத்தின் மேல் வரும் 1,952 டாலர் மாகாண வரியும், வழக்கறிஞர் கூலியும் கையிலிருந்து கொடுக்க வேண்டியவை, முன்பணத்துக்கு மேலே. 40,000 மட்டும் வைத்திருந்தால் அன்றைக்கே இன்னொரு கடன் வாங்க வேண்டியிருக்கும்.

வீடே வேண்டாம் என்று நான் சொல்வதாக எடுத்துக்கொள்ளாதீர்கள். என் மகள் ஒரே பள்ளியில் படித்து முடித்தாள். அம்மா வந்து ஆறு மாதம் தங்கியபோது அவருக்கென்று ஜன்னல் வைத்த ஓர் அறை இருந்தது. இரண்டாவது வீட்டை எடுத்தபோது அபராதம் இல்லாமல் ஆண்டுக்கு எவ்வளவு கூடுதலாகக் கட்டலாம் என்பதை முதலில் கேட்டுக்கொண்டேன், மாதம் 300 டாலர் அதிகமாகக் கட்டி வருகிறேன். உங்கள் கடனில் அதையே முதல் மாதத்திலிருந்து செய்தால் மூன்று ஆண்டு ஐந்து மாதம் முன்னதாகவே கடன் முடியும். வட்டியில் 73,000 டாலர் மிஞ்சும்.

வங்கி கொடுத்த தாளைப் படம் எடுத்து எனக்கு அனுப்புங்கள். அபராதப் பகுதி எந்தப் பக்கத்தில் இருக்கிறது என்று காட்டுகிறேன். கார்த்திகை முடியும்வரை இங்கேதான் இருப்பேன். நீங்கள் சரி என்றால் ஞாயிற்றுக்கிழமை சேரன்மகாதேவி போய் உங்கள் மாமனாரைப் பார்த்துப் பேசுகிறேன். அதுவரை வயலுக்கு முன்பணம் எதுவும் வாங்கிவிட வேண்டாம் என்று இன்றைக்கே அவருக்குப் போன் செய்து சொல்லிவிடுங்கள்.