மாயவியலுக்கு ஆய்விதழ் எதற்கு? – கடிதமும் பதிலும்

அன்புள்ள ஆசிரியருக்கு,

தங்கள் தொடர்கதையின் ஏழாம் அத்தியாயத்தைப் படித்தேன். பேரரசின் மாயவியல் ஆய்விதழில் வந்ததாக இரண்டு பக்கங்களைத் தந்திருக்கிறீர்கள். எல்லைக் கோட்டையிலிருக்கும் மந்திரவாதி ஒருவர் செப்புக் காசை மந்திரத்தால் எழுப்ப 41 மாலைகள் முயன்றதும், அவற்றுள் 38 மாலைகளில் காசு அசையவே இல்லை என்பதும்தான் அதிலுள்ள செய்தி. கதை அங்கேயே நின்றுவிடுகிறது. இதைவிடப் பெரிய ஐயம் ஒன்றும் உண்டு. வித்தையை ஒளித்து வைத்திருக்கும் வரைதான் அரண்மனையில் மந்திரவாதிக்கு மதிப்பு. அதை ஊரறிய அச்சில் யார் கொடுப்பார்? கொடுத்தாலும், அச்சுக் கோப்பவர் கையிலேயே மந்திரம் பலித்துவிடாதா?

அன்புடன்,
வெ.

அன்புள்ள வெ.,

அச்சில் யார் கொடுப்பார் என்ற கேள்வியிலிருந்தே தொடங்குகிறேன். அந்த இதழைக் கதைக்குள் கொண்டுவந்ததே அதற்காகத்தான். ஒளிப்பதையே தொழிலாகக் கொண்டவர்களிடம் கட்டுரை வாங்கி இதழ் நடத்துவது என் பேரரசுக்கு மட்டும் நேர்ந்த சிக்கல் அன்று. ஆங்கில அறிவியலாளர் ராபர்ட் ஹூக் 1676இல் சுருள்வில்லின் விதியைத் தாம் கண்டறிந்துவிட்டதாக அறிவித்தபோது, அவ்விதியைச் சொல்லும் லத்தீன் தொடரின் 14 எழுத்துகளையும் கலைத்து, அகரவரிசையில் அடுக்கித்தான் அச்சிட்டார். விசை எவ்வளவோ நீட்சியும் அவ்வளவு என்ற பொருளை அவர் அவிழ்த்துக் காட்டியது 1678இல். முதலில் கண்டவர் தாமே என்பதற்குச் சான்றும் வேண்டும், அதற்குள் பிறர் கைக்குப் பொருள் போய்விடவும் கூடாது என்ற இந்த இரட்டை ஆசைக்கும், நம் சித்தர் பாடல்களில் பொருளை மறைத்துச் சொல்லும் பரிபாஷைக்கும் நான் அதிகத் தொலைவைக் காணவில்லை.

அந்த ஆசைக்கு நடுவில்தான் ஆய்விதழ்கள் தோன்றின. பாரிஸில் 1665 ஜனவரி 5 அன்று ‘ஜூர்னால் தே சவான்’ வந்தது. அதே ஆண்டு மார்ச் 6 அன்று லண்டனில், ராயல் சொசைட்டி என்ற அறிவியல் கழகத்தின் செயலாளரான ஹென்றி ஓல்டன்பர்க் தம் சொந்தப் பொறுப்பில் ‘பிலசாபிகல் டிரான்சாக்‌ஷன்ஸ்’ இதழைத் தொடங்கினார். இன்ன செய்தி இன்ன நாளில் இன்னாரிடமிருந்து வந்தது என்று ஊரறியப் பதிந்துவிட்டால், முதலில் கண்டவர் என்ற பெயருக்காக எதையும் ஒளித்து வைக்க வேண்டியதில்லை. என் கதையிலும் ஒவ்வொரு கட்டுரையின் தலையிலும் அது வந்து சேர்ந்த நாள் இருப்பதைக் கவனித்திருப்பீர்கள். அரண்மனை மந்திரவாதிகள் பொன்னுக்காக எழுதுவதில்லை. போட்டியாளருக்கு ஒரு நாள் முந்திவிட வேண்டும் என்பதற்காகவே எழுதுகிறார்கள்.

காசு எழும்பாத கதைக்கு இடம் எதற்கு என்கிறீர்கள். ஓல்டன்பர்க்கின் முதல் இதழ் 16 பக்கங்கள் கொண்டது. வியாழன் கோளில் ஹூக் கண்ட புள்ளிக்கும், கடலில் ஊசல் கடிகாரம் நடந்துகொண்ட விதத்துக்கும், பெர்முடா பக்கத்துத் திமிங்கில வேட்டைக்கும் நடுவே, வேதியியலாளர் ராபர்ட் பாயில் தெரிவித்த ஒரு கன்றின் செய்தியும் அதில் இருந்தது. ஹாம்ப்ஷயரில் கசாப்புக்காரர் ஒருவர் பசுவை அறுத்துக் கருப்பையைத் திறந்தபோது, பின்னங்கால்களில் மூட்டே இல்லாத, வாயின் இரு பக்கமும் ஒன்று நடுவே ஒன்று என மூன்று நாக்குகள் கொண்ட கன்றைக் கண்டார் என்கிறது அந்தக் குறிப்பு. எங்கள் ஊரிலாக இருந்தால் அதற்கு ஒரு பரிகாரம் சொல்லியிருப்பார்கள். அந்தக் குறிப்பில் சகுனமும் இல்லை, சாபமும் இல்லை; எத்தனை நாக்கு, எந்தக் கால் என்பதோடு அது நின்றுவிடுகிறது. அந்த நடைதான் எனக்கு வேண்டியிருந்தது. மூன்று மாலைகளில் காசு எழும்பியது என்று மட்டும் எழுதினால் அது விளம்பரம். எழும்பாத 38 மாலைகளையும் சேர்த்து எழுதினால்தான் வேறொரு கோட்டையில் இருப்பவர் அதைத் தாமும் செய்து பார்க்கலாமா என்று யோசிப்பார்.

மாயவியல் என்று நான் பெயரிட்டதும் வெறும் கற்பனையன்று. அதே லண்டன் இதழில் 1676இல், பொன்னோடு கலந்தால் சூடேறும் ஒருவகைப் பாதரசத்தைப் பற்றிப் பாயில் எழுதினார். அது ரசவாதிகள் தேடித்திரிந்த பொருள். ராபர்ட் பாயில் என்ற பெயரின் முதலெழுத்துகளைத் தலைகீழாக்கி, பா.ரா. என்பதுபோல் கையொப்பமிட்டார், அத்துடன், அதைச் செய்யும் முறையை மட்டும் சொல்லாமல் விட்டார். அவ்வளவையும் பொறுக்காமல், பாயில் இனி வாய் திறவாதிருப்பதே நல்லது என்று ஓல்டன்பர்க்குக்குக் கடிதம் எழுதியவர் ஐசக் நியூட்டன். என் பேரரசின் தலைமை மந்திரவாதிக்கு நியூட்டனின் அந்தக் கடிதத்தையே மனத்தில் வைத்துக்கொண்டு குரல் கொடுத்தேன்.

இதழாசிரியர் கைதாகும் பத்தாம் அத்தியாயம் மிகையானது என்று வேறு சிலர் எழுதியிருந்தார்கள். டச்சுப் போரின்போது, 1667இல், ஓல்டன்பர்க்கை லண்டன் கோட்டைச் சிறையில் இரண்டு மாதங்களுக்கு மேல் அடைத்து வைத்தார்கள். வெளிநாட்டிலிருந்து அவருக்கு வந்த கடிதங்களில் சில, அவர் பெயரின் எழுத்துகளைக் கலைத்து அமைத்த ‘குரூபென்டால்’ என்ற முகவரிக்கு வந்துகொண்டிருந்தன. நான் இன்னும் அவ்வளவு தூரம் போகவில்லை.

ஒன்றில் நீங்கள் சொல்வது சரி. கதை நிற்கிறது, ஆனால் அதற்குக் காரணம் செய்தியன்று, என் நடை. எல்லைக் கோட்டையில் குளிரில் அமர்ந்து எழுதுபவரும் தலைநகரில் எழுதுபவரும் ஒரே மொழியில் எழுதுகிறார்கள். நூலாகும்போது எல்லைக் கோட்டைக்காரரின் எரிச்சலையும், அவர் விரல் விறைத்து ஒரு மாலையின் கணக்கைத் தவறாகக் குறித்ததையும் சேர்க்கப் போகிறேன்.

அச்சுக் கோப்பவரைப் பற்றிய உங்கள் ஐயத்துக்குப் பன்னிரண்டாம் அத்தியாயத்தில் விடை வருவதாக இருந்தது. கேட்டுவிட்டதால் இப்போதே சொல்லிவிடுகிறேன். அச்செழுத்துகள் இடவலம் மாறியவை; எனவே அவர் கையில் இருக்கும் வரை மந்திரம் மந்திரமாவதில்லை. ஆபத்து, மை பூசி முதல் தாளை எடுத்துப் பிழை பார்க்கும்போதுதான். அதனால் என் இதழின் மெய்ப்புத் திருத்துநருக்கு உரக்கப் படிக்கத் தடை உண்டு. அந்த வேலைக்கு இதுவரை மூவரை மாற்றியிருக்கிறார்கள்.